அவையும் நகையும்: பெங்களூர்க் கைலாசத்தை முன்வைத்துச் சில திறனாய்வுக் குறிப்புகள்

தமிழ் ஆய்வுலகில் நகைச்சுவை குறித்து எழுதப்பட்டவை அளவிற் குறைந்தன அல்ல. ஆய்வியல் நிறைஞர் பட்டத்திற்கும் முனைவர் பட்டத்திற்கும் ‘இன்னாருடைய படைப்புகளில் நகைச்சுவை உத்திகள்’ என்னும் தலைப்பில் ஆய்வேடுகள் தொடர்ந்து அளிக்கப்பட்டு வந்துள்ளன. சொல்நகை, பொருள்நகை, சூழல்நகை, அங்கதம், சிலேடை, மிகைக்கூற்று என வகுத்து, வகைக்குச் சில எடுத்துக்காட்டுகள் தந்து, இயல் முடிக்கப்பெறும். இவ்வகைப்பாடுகள் பயனற்றவை என்பது இக்கட்டுரையின் கருத்தன்று. ஆயினும் எவரும் அன்றாடம் காணும் ஓர் உண்மையை இவை தொடுவதே இல்லை. ஒரு நகைத்துணுக்கை ஒருவர் அவையிற் சொல்ல, அவை குலுங்குகிறது. மற்றொருவர் அதனையே ஒரு சொல்லும் மாறாமற் சொல்ல, அவை அவரை இரக்கத்தோடு பார்க்கிறது. சொல்லும் பொருளும் மாறவில்லை எனின் மாறியது யாது? நகை பனுவலுக்குள் இருக்கிறது என்னும் முற்கோளோடு தொடங்கும் ஆய்வு இவ்வினாவிற்கு விடைகாண இயலாது.

பலர் முன்னிலையில் நகைபடச் சொல்லுதலை ஒரு கலையாகக் கொண்டு, அதன் இயங்குமுறையை ஆராய முற்படுவது இக்கட்டுரை. இதற்கு நடுவாகக் கொள்ளப்படுபவர் தியாகராஜ பரமசிவ கைலாசம் (1884–1946). கன்னட நாடக வரலாற்றில் நீங்கா இடம்பெற்ற இவர் தமிழ் வழங்கிய குடும்பத்திற் பிறந்தவர் என்பதும், தமிழ்த் திறனாய்வாளர் இவரை அறவே கண்டுகொள்ளவில்லை என்பதும் ஒருசேர நோக்கத்தக்கன. மாஸ்தி வெங்கடேச ஐயங்காரையாவது ஞானபீட விருதின் பொருட்டு நாம் அறிந்திருக்கிறோம். கைலாசத்திற்கு அவ்வாய்ப்பும் இல்லை.

மெய்ப்பாட்டியல் தரும் இடம்

நகைக்குரிய நிலைக்களன்களாகத் தொல்காப்பியம் எள்ளல், இளமை, பேதைமை, மடன் ஆகிய நான்கினைக் கூறுவது யாவரும் அறிந்ததே. இந்நான்கினையும் பட்டியலாக மட்டும் எடுத்துக்கொண்டு, படைப்புகளில் இவற்றுக்கு எடுத்துக்காட்டுத் தேடுவது நம் ஆய்வுகளின் வழக்கம். ஆனால் மெய்ப்பாட்டியலின் முதற்சொல்லே ‘பண்ணை’ என்பதனை இவ்வாய்வுகள் மறந்துவிடுகின்றன. பண்ணை என்பது விளையாட்டாயம். பேராசிரியர் இதனை மன்னர் முதலானோர் ஆடலும் பாடலும் கண்டும் கேட்டும் மகிழும் விளையாட்டோடு தொடர்புபடுத்துவார். எனவே காண்போரும் கேட்போரும் கூடியுள்ள களத்தினின்றே அவ்வியல் தொடங்குகிறது. உரையில் எடுத்தாளப்படும் செயிற்றியனார் கருத்தும் இதற்கு அரண் செய்வது. நிகழ்த்துவோனிடத்து உண்டானது காண்போனைச் சென்று சேர்தலே மெய்ப்பாடு என்பது அதன் சாரம். சென்று சேராதவழி, சொல்லப்பட்டது எத்துணை நயமுடையதாயினும் அது மெய்ப்பாடு ஆகாது.

நகையைப் பொறுத்தமட்டில் பேராசிரியர் தரும் மற்றொரு விளக்கம் இங்கு இன்றியமையாதது. எள்ளல் என்பதனை அவர் இரண்டாகப் பகுக்கிறார்: தான் பிறரை இகழ்ந்து சிரிப்பது ஒன்று; பிறர் தன்னை இகழுமிடத்துத் தானே சிரிப்பது மற்றொன்று. ஏனைய மூன்றிற்கும் இவ்வாறே தன்கண் தோன்றுவதும் பிறன்கண் தோன்றுவதும் உண்டு. இப்பகுப்பினை வெறும் எண்ணிக்கைக்காகச் செய்ததாகக் கருதுதல் பிழை. அவையில் நகை எழுமிடத்து, சொல்வோன், சொல்லப்படுவோன், கேட்போன் என மூவர் இருக்கின்றனர். சொல்லப்படுவோனும் கேட்போனும் ஒருவனே ஆகும் நிலையும் உண்டு. இம்மூவருக்குமிடையே இகழ்ச்சி எத்திசையிற் பாய்கிறது என்பதே ஒரு நகையின் தன்மையை முடிவு செய்வது. கட்டுரையின் இறுதிப் பகுதியில் இதற்கு மீள வேண்டியிருக்கும்.

பேதைமைக்கும் மடனுக்கும் உள்ள வேறுபாடும் நிகழ்த்துநிலையிலேதான் முழுதும் விளங்குகிறது. பேதைமை அறிவின்மை. மடன் என்பது பிறர் கொளுத்தக் கொண்டு, கொண்டதனை விடாமை. வீரமாமுனிவர் (1680–1747) இயற்றி, 1822-இல் பாபிங்டன் பதிப்பாக இலண்டனில் அச்சேறிய ‘பரமார்த்த குருவின் கதை’ மடனுக்குத் தக்க இலக்கியம். குருவின் தலைப்பாகை விழ, சீடர் எடுக்காமல் விடுகின்றனர். விழுவன எல்லாவற்றையும் எடுக்க வேண்டும் என்று குரு கடிய, குதிரைச் சாணத்தையும் ஏந்துகின்றனர். இவையிவை மட்டும் எடுக்க என்று குரு ஓலையில் எழுதித்தர, பின்னர்க் குருவே பள்ளத்தில் விழுகிறார். ஓலையில் அவர் பெயர் இல்லை. கதை இவ்வளவே. இதனைச் சொல்லிக்காட்டுவோர்க்கு இதன் உயிர்நிலை ஓலையைப் படிக்கும் இடத்தில் இருக்கிறது. பெங்களூர்க் கல்லூரியில் இளநிலை முதலாண்டு மாணவர்க்கு இப்பகுதியைப் பாடமாக வைத்தபோது கண்ட ஒன்றைக் குறிப்பிடலாம். வீட்டில் கன்னடமும் தெலுங்கும் பேசுவோர் பாதிக்குமேல் அமர்ந்திருந்த வகுப்பு அது. ஒரு மாணவர் முறையாக, உணர்ச்சி ததும்பப் படித்தார், ஒருவரும் சிரிக்கவில்லை. அடுத்தவர் அரசாணை வாசிப்பதுபோல் ஓலையை ஒவ்வொரு பொருளாக, குரல் ஏற்றத்தாழ்வின்றி, தலை நிமிராமல் வாசித்தார். மூன்றாவது பொருளிலேயே சிரிப்புத் தொடங்கிவிட்டது. மடன் தன்னை மடன் என்று அறியாது. ஆகவே அதனை நிகழ்த்துவோரும் அறியாதவராகவே தோன்றவேண்டும். ‘இது சிரிப்பதற்குரிய இடம்’ என்று முகத்தாலும் குரலாலும் முன்னறிவிப்போர் தோற்பது இதனாலேயே.

பம்மல் சம்பந்த முதலியாரின் ‘சபாபதி’யில் வரும் வேலைக்காரனும் இவ்வினத்தவனே. சொன்னதைச் சொல்லுக்குச் சொல் நிறைவேற்றும் அவ்வேடத்தை 1941-இல் வெளிவந்த திரைப்படத்தில் காளி என். ரத்தினம் ஏற்றார். அவர் முகத்தில் ஓரிடத்திலும் குறும்பு தலைகாட்டாதது காண்க.

கைலாசம்

கைலாசத்தின் தந்தை தி. பரமசிவ ஐயர் மைசூர் அரசில் நீதிபதியாக இருந்தவர்; இருக்கு வேதத்தை நிலவியல் நோக்கில் விளக்கி நூலெழுதியவர். மகன் இலண்டனில் நிலவியல் பயின்றார். தாயகம் மீண்டு மைசூர் அரசின் நிலவியல் துறையில் சில காலம் பணியாற்றி விலகினார். இலண்டனில் அவர் கற்று வந்தது பாறைகளை மட்டுமன்று. அங்குள்ள நாடக அரங்குகளும், குடியும் பாட்டும் நகையும் கலந்த பொதுமக்கள் கேளிக்கை மன்றங்களும் அவரை ஆட்கொண்டன. 1918-ஐச் சார்ந்த ‘டொள்ளு கட்டி’ என்னும் நாடகத்தோடு கன்னட அரங்கில் அவர் இடம் உறுதிப்பட்டது. தலைப்பைத் தமிழர்க்கு மொழிபெயர்க்கத் தேவையில்லை. தொள்ளையும் கெட்டியும் நமக்கும் உரியவையே. ஏட்டுப்படிப்பில் தேர்ந்த ஒரு பிள்ளையும், வீட்டுக்கு உதவும் மற்றொரு பிள்ளையும் அதன் பொருள்.

கைலாசம் தாமே எழுதி வைத்தவற்றைவிட, வாய்மொழியாகச் சொல்லப் பிறர் எழுதிக்கொண்டவையே மிகுதி என்பது அவரைப் பற்றி எழுதியோர் பலரும் கூறும் செய்தி. நண்பர் குழாத்தில் எல்லாப் பாத்திரங்களையும் தாம் ஒருவரே ஏற்று நடித்துக்காட்டி, நாடகத்தைப் பலகால் நிகழ்த்திய பின்னரே அது தாளுக்கு வந்தது. ஆகவே நாம் இன்று படிக்கும் பனுவல் அந்நிகழ்வுகளின் எச்சமே. இதனைப் பனுவலாகவே கொண்டு மதிப்பிடும் திறனாய்வு, கதைப்பின்னல் தளர்ந்தது, உரையாடல் நீண்டது என்று குறைகூறுவது எளிது. ஆயின் அந்நீட்சி கேட்போர் சிரித்து ஓய்வதற்கு விடப்பட்ட இடம் என்று கொள்வோமாயின் மதிப்பீடு வேறாகும்.

அவருடைய வேடிக்கைப் பாட்டுகளில் ‘கோளீகெ ரங்க’ சற்று விரிவாக நோக்கத்தக்கது. இதற்கு மூலம், ‘கான்ஸ்டான்டினோபிள்’ என்னும் நீண்ட ஊர்ப்பெயரை ஓரெழுத்தாகக் கூட்டிச் சொல்லும் ஆங்கிலக் கேளிக்கைப் பாட்டு. ஆங்கிலத்தில் நகை பிறப்பது அந்நெடும்பெயரை மூச்சுவிடாமல் எழுத்துக்கூட்டும் விரைவினால். கைலாசம் அப்பாட்டை மொழிபெயர்க்கவில்லை. எழுத்துக்கூட்டல் என்னும் செயலை மட்டும் எடுத்துக்கொண்டு, அதனைக் கன்னடத் திண்ணைப்பள்ளி வாய்பாட்டுக்கு மாற்றினார். ரங்கன் என்னும் நாட்டுப்புறத்தான் தன் பெயரை உயிர்மெய்க் குறிகளும் சுன்னமும் சொல்லிக் கூட்டுகிறான். ஆங்கில நெடுங்கணக்கில் ஓரெழுத்துக்கு ஒரு பெயர்தான். இந்திய எழுத்துமுறையிலோ மெய்யும், அதன்மேல் ஏறும் குறியும், இரண்டும் சேர்ந்த ஒலியும் எனக் கூட்டல் வளர்கிறது. மூலத்தில் இல்லாத ஒரு தாளம் இதனால் கிடைத்தது.

இங்கு எழும் வினா: கேட்போர் ரங்கனை எள்ளிச் சிரித்தனரா? பெங்களூரின் படித்த அவை நாட்டுப்புறத்தானைக் கண்டு நகைத்தது என்று கூறிவிடலாம். அவ்வாறு கூறுவோரும் இருக்கக்கூடும். என் கருத்து வேறு. அவையில் இருந்த ஒவ்வொருவரும் சிறு வயதில் அவ்வாய்பாட்டைத் தாமே உரக்கக் கத்தியவர்கள். வழக்கறிஞரும் நீதிபதியும் ஆனபின் மறந்துபோன அந்த ஒலி, வளர்ந்த ஒருவன் வாயிலிருந்து பெருமையோடு வெளிப்படும்போது, அவர்கள் கேட்பது தம் பிள்ளைப்பருவக் குரலை. எனவே இந்நகையின் நிலைக்களன் எள்ளல் அன்று, இளமை. தொல்காப்பியர் இளமையை நகைக்குரிய ஒன்றாக ஏன் வைத்தார் என்பதற்கு உரைகளிற் காட்டப்படும் எடுத்துக்காட்டுகளைவிட இது தெளிவானதாகப் படுகிறது. ‘டிப்பரேரி’ என்னும் படைவீரர் பாட்டைத் ‘திப்பாரள்ளி’ ஆக்கியதிலும் இதே கைத்திறன் உண்டு. கன்னடத்தில் ‘திப்பெ’ குப்பைமேடு ஆகையால், ஊர்ப்பெயரே பாதி வேலையைச் செய்துவிடுகிறது.

கைலாசத்தின் மேடைமொழி கன்னடமும் ஆங்கிலமும் விரவியது. தூய கன்னடம் வேண்டினோர் இதனைக் குறையாகக் கண்டனர். தமிழில் மணிப்பிரவாளத்தைக் குறித்தும், பின்னர் ஆங்கிலக் கலப்பைக் குறித்தும் எழுந்த கண்டனங்களை அறிந்த நமக்கு இது புதிதன்று. ஆனால் அக்கலப்பினைப் பேசுவோர் யார்? அன்றைய பெங்களூர், மைசூர் நடுத்தர வகுப்பினர், அவர்களே அவையினர், சொல்வோரும் அவ்வகுப்பினரே. இகழப்படுவோரும் கேட்போரும் ஒருவரே ஆகும் நிலை இது. பேராசிரியர் பகுத்த இரண்டாம் எள்ளல் முழு அவைக்கும் பொதுவாகிவிடுகிறது. 1945-இல் சென்னையில் நடைபெற்ற கன்னட சாகித்திய சம்மேளனத்திற்குத் தலைமை ஏற்றவர், பேச்சுமொழியையும் கலப்பையும் வைத்தே வாழ்நாள் முழுதும் நகை வளர்த்தவர் என்பது அம்மொழியின் புலமையுலகம் அவருக்கு அளித்த இசைவு எனலாம்.

தொடரமைப்பும் தாமதமும்

தமிழும் கன்னடமும் வினைமுற்றை இறுதியில் வைக்கும் மொழிகள் ஆதலின், பொருளைக் கடைசிவரை மறைத்து வைத்தல் எளிது. எனவே நகைக்கு ஏற்றவை என்று பொதுவாகக் கூறப்படுவதுண்டு. இது பாதி உண்மையே. கீழ்வரும் இரு தொடர்களைக் காண்க.

அ) எல்லோரும் உறங்கிப்போயிருந்தமையால், அவர் சொற்பொழிவின் இடையில் எழுந்துபோனவர் ஒருவரும் இல்லை.

ஆ) அவர் சொற்பொழிவின் இடையில் எழுந்துபோனவர் ஒருவரும் இல்லை. எல்லோரும் உறங்கிவிட்டார்கள்.

இரண்டிலும் செய்தி ஒன்றே. முதல் தொடர் நல்ல தமிழ் உரைநடை. காரணத்தை முன்னும் காரியத்தைப் பின்னும் வைப்பது நம் மொழியின் இயல்பான ஒழுங்கு. ஆனால் நகை அதில் இறந்துவிட்டது. ஏனெனில் திடுக்கிடச் செய்யவேண்டிய காரணம் முன்பே வெளிப்பட்டுவிட்டது. இரண்டாவதில் தொடர் முறிக்கப்பட்டுக் காரணம் பின்னுக்குத் தள்ளப்பட்டுள்ளது. முதல் வாக்கியத்தைக் கேட்ட அவை, பேச்சாளரைப் புகழ்கிறார் என்று கொள்கிறது. அப்படிக் கொள்வதற்குச் சற்று நேரம் தரப்படவேண்டும். அந்நேரமே இடைநிறுத்தம். நிறுத்தம் குறைந்தால் அவை புகழ்ச்சியை நம்பியிராது. மிகுந்தால் அடுத்து வருவதைத் தானே ஊகித்துவிடும். ஆகவே நகைபடச் சொல்வோர் தமிழின் எச்சத்தொடரை உடைத்து முற்றுத்தொடர்களாக்குகின்றனர். மேடைப்பேச்சில் குறுந்தொடர்கள் மிகுவதற்கு இதுவும் ஒரு காரணம் என்பது இக்கட்டுரையாளரின் கருதுகோள்.

மற்றொன்றும் உண்டு. மேற்கண்ட ‘உறங்கிவிட்டார்கள்’ என்பதில், ‘உறங்’ என்ற அளவிலேயே அவைக்குப் பொருள் விளங்கிவிடும். எஞ்சிய அசைகள் அனைத்தும் சிரிப்பொலியின்மேல் விழும் சுமை. பேச்சுவழக்கின் ‘தூங்கிட்டாங்க’ இச்சுமையைக் குறைக்கிறது. நகை கூறுவோர் எந்நாளும் பேச்சுமொழியை நாடுவது எளிமை கருதி மட்டுமன்று, சொல்லின் வாலைக் குறைப்பதற்காகவும் ஆகும். கைலாசத்தின் ‘தாளி கட்டோக்கூலீனே’ என்னும் நாடகத் தலைப்பே இதற்குச் சான்று. ‘தாலி கட்டுவதற்குக் கூலியா?’ என்பது பொருள். வரதட்சணை வழக்கத்தைச் சாடுவது. தாலி என்னும் மங்கலச் சொல்லில் தொடங்கி, கூலி என்னும் களத்துமேட்டுச் சொல்லில் முடிந்து, இறுதியில் ஒரு வினா ஏறுகிறது. ஒலிகள் ஒன்றோடொன்று இழைந்து ஒரே மூச்சில் சொல்லப்படுகின்றன. இதனையே ‘வரதட்சணை என்பது தாலி கட்டுவோன் பெறும் கூலி’ என்று வரையறையாக எழுதினால் சீர்திருத்தக் கட்டுரைக்குத் தலைப்பாகும், அவை சிரிக்காது.

ஆமாம் போடுவோர்

கைலாசம் தனியொருவராக எல்லாக் குரலும் ஏற்றார். தமிழ் மரபில் நகை பெரும்பாலும் இருவர் கலையாகவே வளர்ந்துள்ளது. விநோதக் கூத்தின் வகைகளை எண்ணுமிடத்து நகைத்திறச் சுவையாகிய விதூடகக் கூத்தினையும் சேர்த்தெண்ணுவார் உளர் என்னும் குறிப்பு அடியார்க்கு நல்லார் உரையில் உண்டு. தெருக்கூத்தில் கட்டியங்காரன் அரசனுக்குப் பணியாளாகவும் அவையினரின் வாயாகவும் ஒருசேர நிற்கிறான். வில்லுப்பாட்டில் புலவர் ஒரு கூற்றை முடிக்குமுன் பக்கத்தில் இருப்பவர் ‘ஆமா’ போடுகிறார். இந்த ‘ஆமா’வைக் கதைகேட்கும் பழக்கமாக மட்டும் கருதுவது போதாது. அது இடைநிறுத்தத்தின் அளவை அவை முழுவதற்கும் ஒன்றாக்கும் கருவி. அடுத்த சொல்லுக்கு எல்லோரும் ஒரே நொடியிற் காத்திருக்கின்றனர்; ஆகவே ஒரே நொடியிற் சிரிக்கின்றனர்.

வில்லுப்பாட்டிலிருந்து வந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் (1908–1957) இக்கருவியை நன்கறிந்தவர். உடுமலை நாராயணகவியின் ஆக்கமான ‘கிந்தனார்’ காலட்சேபத்தை ‘நல்லதம்பி’ (1949) திரைப்படத்திற் காணலாம். கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரத்தை அவை முன்பே மனப்பாடமாக அறிந்திருந்தது என்பதே இதன் முதல். நந்தன் தில்லைக்குப் போக ஏங்கிய இடத்தில் கிந்தன் படிப்பதற்காக நகரத்துக்குப் போக ஏங்குகிறான். காலட்சேபத்தின் குழைவும், இழுவையும், பக்கப்பாட்டும் அப்படியே இருக்க, உள்ளீடு மட்டும் மாறுகிறது. வடிவத்தைக் கேலிசெய்துகொண்டே, அவ்வடிவம் நந்தன்பால் ஏற்படுத்தியிருந்த பரிவினைக் கிந்தனுக்கு மாற்றித் தருகிறார். சிரிப்புக் கிந்தன்மேல் விழவில்லை; அவன் படிக்கக்கூடாது என்ற உலகத்தின்மேல் விழுகிறது. இத்திசைமாற்றம் அரிது. தமிழ்த் திரை நகைச்சுவை இதன்பின் பெரும்பாலும் உயரம், நிறம், உடற்குறை ஆகியவற்றின் பக்கமே சென்றது என்பதையும் சொல்லியாக வேண்டும்.

பட்டிமன்றத்தில் ‘ஆமா’ போடுவோர் இடத்தை நடுவர் பெற்றார். சாலமன் பாப்பையா போன்றோர் நடுவராக இருந்த மன்றங்களை உற்றுநோக்கினால், பேச்சாளர் சொன்னதற்கு நடுவர் சிரிப்பது அவைக்கு அளிக்கப்படும் இசைவாக அமைவதைக் காணலாம். புலமையுடைய பெரியவர் ஒருவர் மேடையிலேயே சிரித்துவிட்டபின் கேட்போர் கூச்சமின்றிச் சிரிக்கின்றனர். திருவள்ளுவர் அவையறிதலுக்கும் அவையஞ்சாமைக்கும் தனித்தனி அதிகாரம் வகுத்தார். இன்றைய பேச்சாளர்க்கு இவ்விரண்டினையும் பெரும்பாலும் நடுவரே செய்து கொடுத்துவிடுகிறார்.

எவரை வைத்து நகுதல்

பெங்களூருக்குத் தமிழ்நாட்டிலிருந்து வந்து பேசுவோர், தொடக்கத்தில் ஒரு நகையாவது பெங்களூர்த் தமிழைப் பற்றிச் சொல்லாமல் இருப்பது அரிது. கன்னடச் சொல் கலந்தும், ஈற்றசை மாறியும் வழங்கும் இந்நகரத் தமிழை நடித்துக்காட்டுவர். அல்சூரிலும் சிவாஜி நகரிலும் தலைமுறைகளாக வாழ்ந்துவரும் மக்கள் அவையில் இருந்து சிரிப்பர். இச்சிரிப்பு பேராசிரியர் குறித்த ‘பிறரால் எள்ளப்பட்டவழித் தான் நகுதல்’ தான். ஆனால் அது மகிழ்ச்சியினால் வந்ததா, விருந்தினரை முகங்கோணாமல் வைக்கும் பண்பினால் வந்ததா? பலமுறை இவ்வவைகளில் அமர்ந்திருந்த எனக்கு, முன்வரிசையின் சிரிப்பும் பின்வரிசையின் சிரிப்பும் ஒரே ஒலியுடையனவாகத் தோன்றவில்லை. பின்வரிசையிற் சிலர் தம் பிள்ளைகளைப் பார்த்தனர். வீட்டில் பேசும் தமிழ் தமிழே அன்று என்று அப்பிள்ளைகள் ஏற்கெனவே வேறிடங்களிற் கேட்டிருப்பர்.

கணவன்–மனைவி, மாமியார்–மருமகள் தலைப்புகளில் நிகழும் நகைகளுக்கும் இவ்வினா பொருந்தும். மனைவியின் சமையலையும் பேச்சையும் வைத்துச் சொல்லப்படும் துணுக்குகளுக்குப் பெண்களே உரக்கச் சிரிப்பதைச் சுட்டி, அவர்களுக்கு அதில் வருத்தமில்லை என்று வாதிடுவோர் உண்டு. அவையிற் சிரிக்காமல் இருப்பதற்கும் ஒரு விலை உண்டு என்பதை இவ்வாதம் கருதுவதில்லை. ‘நானும் மனைவிக்கு அஞ்சுபவன்தான்’ என்று பேச்சாளர் தம்மையும் சேர்த்துக்கொள்வது கைலாசம் தம் வகுப்பினரைச் சொன்னதற்கு ஒப்பாகுமா எனின், ஆகாது. கைலாசத்தின் அவையினர் தாம் உயர்வாகக் கருதிய ஆங்கிலப் புலமையும் குடும்பப் பெருமையுமே அங்கு ஆட்டங்கண்டன. பேச்சாளரின் பொய்யச்சத்தால் அவர் இழப்பது ஒன்றுமில்லை.

கைலாசத்தையும் குறையற்றவராகக் கொள்ளவேண்டியதில்லை. அவருடைய நாடகங்களின் உலகம் பெரிதும் பிராமண நடுத்தர வீடுகளின் கூடத்திற்குள் அடங்குவது. வாசலுக்கு அப்பால் உள்ளோர் வந்துபோகின்றனரே அன்றி அவ்வுலகை நோக்கித் திருப்பிச் சிரிக்கும் வாய்ப்பினைப் பெறுவது குறைவு. கட்டியங்காரனுக்கு உள்ள உரிமை அவ்வீட்டு வேலையாள்களுக்கு இல்லை.

பின்வந்தோருள் மாஸ்டர் ஹிரண்ணையா (1934–2019) கைலாசத்தின் கூடத்தினின்று வெளியேறி, நகையை நேராக ஆட்சியாளரை நோக்கித் திருப்பியவர். கையூட்டினைச் சாடும் ‘லஞ்சாவதார’ நாடகத்தை ஆண்டுக்கணக்கில் அவர் நிகழ்த்தியபோது, எழுதப்பட்ட உரையாடலை நிறுத்திவிட்டு அன்றன்றைய அரசியலை அவையோடு பேசுவது அவர் வழக்கம். இரு நாள் ஆட்டங்கள் ஒன்றாயிருந்ததில்லை. தமிழில் சோவின் ‘முகமது பின் துக்ளக்’ (1968) இதற்கு இணையாகக் கூறத்தக்கது எனினும், சோவின் நகை எழுத்தில் நிலைபெற்ற உரையாடலை மிகுதியும் சார்ந்தது. ஹிரண்ணையாவின் நகையோ அன்று மாலைச் செய்தித்தாளை அவை படித்திருத்தலைச் சார்ந்தது. அது மறுவாரமே பழசாகும்; பழசாவதே அதன் நேர்மை.

தனியொருவர் நின்று ஒலிவாங்கிமுன் நகை கூறும் இக்காலக் கலைவடிவத்திற்கும் பெங்களூர் ஒரு தலைநகரம் ஆகிவிட்டது. இங்கிருந்து இயங்கும் பிரவீண் குமார் போன்றோர் தமிழிலும் மேடையேறுகின்றனர். 2020-இல் வெளிவந்த ‘காமிக்ஸ்தான் செம்ம காமெடி பா’ இவ்வடிவத்தைத் தமிழ் இல்லங்களுக்குக் கொண்டு சேர்த்தது. ‘ஆமா’ போடுவோரும் நடுவரும் இன்றி, கைலாசத்தைப் போல ஒருவரே எல்லாக் குரலும் ஏற்கும் முறை மீண்டும் வந்துள்ளது. இடமோ மாறிவிட்டது. 2021 நவம்பரில் முனவ்வர் ஃபாரூக்கியின் பெங்களூர் நிகழ்ச்சி, காவல்துறை அமைப்பாளரைக் கேட்டுக்கொண்டதை அடுத்துக் கைவிடப்பட்டது. அவையில் இல்லாதோர், அவையிற் சொல்லப்படாத ஒன்றைப் பற்றி முன்கூட்டியே எடுத்த முடிவு அது. காண்போனைச் சென்று சேர்தலே மெய்ப்பாடு என்ற செயிற்றியனார் இலக்கணத்தில் இத்தகைய காண்போனுக்கு இடமில்லை.

இக்கலையை ஆராய விழைவோர்க்குப் பழைய முன்மாதிரி ஒன்று உண்டு. தனிப்பாடல் திரட்டினைத் தொகுத்தோர் காளமேகத்தின் பாட்டுகளை வெறுமனே தரவில்லை. யார் கேட்க, எவ்விடத்து, எதனைக் கண்டு பாடியது என்னும் சிறுகுறிப்பு ஒவ்வொன்றின் தலையிலும் உண்டு. அக்குறிப்புகளின் வரலாற்று உண்மை ஐயத்திற்குரியது என்று கூறி அவற்றை ஒதுக்குவது நம் பதிப்பியல் வழக்கமாகிவிட்டது. வரலாறாகக் கொள்ள வேண்டியதில்லை. நகை எழுவதற்குக் கேட்போர் எதனை முன்பே அறிந்திருக்கவேண்டும் என்று தொகுத்தோர் கருதினர் என்பதற்கு அவை சான்று. ஒரு பேச்சாளர் மதுரையிற் சொன்ன நகையையே அல்சூரிலும் சொல்லும்போது இரண்டினையும் ஒலிப்பதிவு செய்து, நிறுத்தங்களை அளந்து, எவ்விடத்து எவர் சிரித்தனர், எவர் சிரிக்கவில்லை என்று அத்தகைய தலைக்குறிப்போடு பதிப்பிக்க இன்று தடையேதும் இல்லை. முன்வரிசைக்கு ஒன்றும் பின்வரிசைக்கு ஒன்றுமாக இரண்டு ஒலிவாங்கிகள் வேண்டும்.